கடையை மூடுமுன் ஒரு படம்

1960-இல் ஜப்பானிய இயக்குநர் கனெட்டோ ஷிண்டோவின் படக் கம்பெனி திவாலாகும் நிலையில் இருந்தது. இவருடைய திரைக்கதைகள் இருண்டு கிடக்கின்றன என்று ஷோசிக்கு ஸ்டுடியோ முகம் சுளித்ததால், 1950-இல் வெளியேறி, இயக்குநர் யோஷிமுராவையும் நடிகர் தைஜி தோனோயாமாவையும் கூட்டிக்கொண்டு தொடங்கிய கம்பெனி அது. 1952-இல் ஆசிரியர் சங்கத்தின் பணத்தில் ஹிரோஷிமாவைப் பற்றி ஒரு படம் எடுத்தார். அழுகை அதிகம், அரசியல் போதாது என்று சங்கம் வேறோர் இயக்குநரிடம் போய்விட்டது. எனக்கென்னவோ ஷிண்டோவின் படம்தான் பிடிக்கும்.

கடையை மூடத்தான் வேண்டுமென்றால், மனதில் கிடப்பதை எடுத்துவிட்டு மூடலாம் என்று துணிந்தார். ஹிரோஷிமா மாவட்டம், மிஹாரா கடலில் சுக்குனே என்றொரு குட்டித் தீவு. 13 பேர் குழு. செலவு சுமார் 50 லட்சம் யென். படத்தின் பெயர் 'ஹதாகா நோ ஷிமா', அதாவது மொட்டைத் தீவு.

அந்தத் தீவில் தண்ணீர் கிடையாது. கணவனும் மனைவியும் பக்கத்துத் தீவுக்குப் படகில் போய், தோளில் கம்பு வைத்து இருபுறமும் வாளி தொங்க மேடேறி, செடிக்கு ஓர் அகப்பையாக ஊற்றுகிறார்கள். மருந்துக்கும் வசனமில்லை. மனைவியாக நடித்தவர் நொபுகோ ஒட்டோவா. ஒருமுறை அவள் கால் இடறித் தண்ணீர் கொட்டிவிட, கணவன் அறைகிறான். பின்னால், மூத்த மகன் காய்ச்சலில் இறந்தபின், அவளே வாளியைக் கவிழ்த்துச் செடிகளைப் பிடுங்கி எறிகிறாள். இந்த முறை அவன் கை ஓங்கவில்லை. பார்த்துக்கொண்டே நிற்கிறான், பிறகு தண்ணீர் ஊற்றத் திரும்புகிறான். ஒரு வார்த்தை பேசியிருந்தாலும் கெட்டுப்போயிருக்கும் காட்சி.

1961-இல் மாஸ்கோ விழாவின் பெரும்பரிசைப் படம் பகிர்ந்துகொண்டது. 60-க்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்றது. கடன் தீர்ந்தது, கடை மூடவில்லை.

குழுவோடு ஓரிடத்தில் தங்கிப் படமெடுக்கும் வழக்கத்தை அவர் விடவில்லை. 'ஒனிபாபா'வுக்காக 1964-இல் சிபா மாவட்டத்துச் சதுப்பில் குடிசை போட்டுத் தங்கினார்கள். பாதியில் கிளம்புகிறவருக்குச் சம்பளம் கிடையாது என்பது விதி! ஆளுயர நாணலும் ஒரு குழியும் போதும், அந்தப் படத்தில் வயிற்றைக் கலக்க.

ஒட்டோவாவை 1978-இல் மணந்தார். ஒட்டோவா 1994-இல் காலமானார். 98 வயதில் ஷிண்டோ எடுத்த கடைசிப் படம் 'போஸ்ட்கார்ட்', அவருடைய சொந்தக் கதை: கடற்படையில் அவரோடு சேர்ந்த 100 பேரில் பிழைத்தது ஆறு பேர். 2012 மே மாதம், நூறு வயது நிறைந்து ஒரு மாதத்தில் இறந்தார். ஒட்டோவாவின் அஸ்தியில் பாதி கரைந்த அதே சுக்குனேயில் அவர் அஸ்தியையும் தூவினார்கள்.