சாதியா, தொழிலா, குடியிருப்பா? மைசூர் மாநில மருத்துவ இட வழக்குகளும் தங்கவயலும்

கோலார் தங்கவயலின் ஐந்து பெரும் சுரங்கங்களுள் ஒன்று மைசூர் மைன்ஸ். 1880-களுக்குப் பின் வட ஆர்க்காடு முதலிய தமிழ் மாவட்டங்களிலிருந்து வந்த தொழிலாளர்களின் வழித்தோன்றல்களே அதன் லைன் வீடுகளில் பெருமளவு வாழ்ந்தனர். இவர்களின் பிள்ளைகள் எந்த அடையாளத்தைக் காட்டி மருத்துவக் கல்லூரி இடத்தைக் கோர முடியும்? மூன்று தீர்ப்புகளை அருகருகே வைத்தால் இதற்கு மூன்று வெவ்வேறு விடைகள் கிடைக்கின்றன.

முதல் விடை சாதி. 1962 ஜூலை 31 அன்று மைசூர் அரசு வெளியிட்ட ஆணை, மருத்துவ, பொறியியல் கல்லூரி இடங்களில் பின்தங்கிய வகுப்பினருக்கு 28, மிகப் பின்தங்கியோருக்கு 22, பட்டியல் சாதியினருக்கு 15, பழங்குடியினருக்கு 3 விழுக்காடு என மொத்தம் 68 விழுக்காட்டை ஒதுக்கியது. உயர்நிலைப் பள்ளியின் கடைசி மூன்று வகுப்புகளில் பயிலும் மாணவர் எண்ணிக்கை, ஆயிரம் பேருக்கு 6.9 என்பது மாநிலச் சராசரியாகக் கொள்ளப்பட்டது. அதையொட்டிச் சாதிகள் தரம் பிரிக்கப்பட்டன. 23 மாணவர்கள் உச்சநீதிமன்றத்தை அணுகினர். எம்.ஆர்.பாலாஜி வழக்கில் 1962 செப்டம்பர் 28 அன்று நீதிபதி கஜேந்திரகட்கர் எழுதிய தீர்ப்பு அந்த ஆணையைத் தள்ளியது. சாதி ஓர் அளவுகோலாகலாம், ஆனால் ஒரே அளவுகோலாகக் கூடாது. ஒதுக்கீடு பொதுவாக 50 விழுக்காட்டுக்குக் கீழே நிற்க வேண்டும் என்றது. வறுமை, செய்தொழில், குடியிருக்கும் இடம் ஆகியவையும் பின்தங்கிய நிலைக்குக் காரணமாகலாம் என்ற குறிப்பும் அத்தீர்ப்பில் உண்டு.

இரண்டாம் விடை தொழில். பாலாஜி தீர்ப்புக்குப் பின், 1963 ஜூலையில், மைசூர் அரசு சாதிப் பெயர்களை விலக்கிப் புதிய ஆணை பிறப்பித்தது. ஆண்டு வருமானம் ரூ.1,200 அல்லது அதற்குக் குறைவாக இருக்க வேண்டும். தொழில், உழவு, கைவினை, சிறு வணிகம், கடைநிலைப் பணி, அல்லது உடலுழைப்பு சார்ந்ததாக இருக்க வேண்டும். தனியார் நிறுவனக் கடைநிலை ஊழியரும் தற்காலிகக் கூலிகளும் இதில் அடங்கினர். சித்ரலேகா வழக்கில் 1964 ஜனவரி 29 அன்று நீதிபதி சுப்பாராவ் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பு, சாதியைக் கருதாததால் மட்டுமே அந்த ஆணை செல்லாததாகிவிடாது என்றது. பூமிக்கடியில் பாறை உடைப்பவரின் வேலையே அவர் பிள்ளையின் தகுதிச் சான்றாக அமையக்கூடிய அளவுகோல் இது. ஆனால் மாதம் ரூ.100 என்ற வரம்பைச் சற்றே தாண்டிய வீடு, அதே உழைப்பைச் செய்தும் வெளியே நின்றது. பின்னாளில், 1975-இல் அறிக்கை அளித்த ஹாவனூர் ஆணையத்தைத் தொடர்ந்து, சாதிப் பட்டியல்கள் மீண்டும் மையத்திற்கு வந்தன.

மூன்றாம் விடை குடியிருப்பு. மர்ரி சந்திரசேகர ராவ் வழக்கு (1990) பம்பாய் மருத்துவக் கல்லூரி ஒன்றின் இடம் பற்றியது. ஆந்திரத்தில் பழங்குடியாக அறிவிக்கப்பட்டவர், சிறுவயதில் தந்தையின் வேலை காரணமாக மகாராஷ்டிரத்திற்குக் குடிபெயர்ந்தாலும், அங்கே அந்தச் சலுகையைக் கோர முடியாது என்றது அரசியல் சாசன அமர்வு. பட்டியல் ஒவ்வொரு மாநிலத்துக்கும் உரியது. எனவே ஒருவரின் குடும்பம், 1950-இல் குடியரசுத் தலைவரின் ஆணை வெளியானபோது எங்கே நிலையாக வாழ்ந்தது என்பது முதன்மை பெறுகிறது.

தங்கவயலுக்கு இதன் பொருள் கூர்மையானது. ஆதி திராவிடர் என்ற பெயர் தமிழ்நாட்டுப் பட்டியலிலும் உண்டு, கர்நாடகப் பட்டியலிலும் உண்டு. 1950-க்கு முன்பே மைசூரில் வேரூன்றிய குடும்பத்தின் உரிமை கர்நாடகத்தில் நிற்கிறது. மாநில எல்லையைக் கடந்தால், பேசும் மொழியும் சாதிப் பெயரும் அப்படியே இருக்க, அந்தச் சான்றிதழின் ஒதுக்கீட்டு மதிப்பு மட்டும் இல்லாமற் போகிறது.

மைசூர் மாநிலத்தில் எழுந்த வழக்குகள் ஐம்பது விழுக்காட்டு வரம்புக்காகவே பெரிதும் நினைவுகூரப்படுகின்றன. அதே வழக்குகள் ‘பின்தங்கியவர்’ என்ற சொல்லின் பொருளைச் சில மாதங்களுக்குள் சாதியிலிருந்து உழைப்புக்கு நகர்த்தின என்பது குறைவாகவே பேசப்படுகிறது. 2001-இல் சுரங்கங்கள் மூடப்பட்டபின் அந்த உழைப்பே தங்கவயலில் இல்லை. இன்று சான்றிதழ் கோரும் பேரப்பிள்ளையிடம் கேட்கப்படுவது, தாத்தா என்ன வேலை செய்தார் என்பதன்று. எந்தப் பிரிவினர், 1950-இல் எங்கே இருந்தார் என்பதே.