திரையில் ஒலித்த கவி, சீறாவுக்கு உரை தந்த கவி: கா.மு.ஷெரீப்

திருக்குர்ஆனின் 26ஆம் அத்தியாயத்திற்குக் ‘கவிஞர்கள்’ என்றே பெயர். சொல்வதைச் செய்யாத கவிஞர்களை அது கண்டிக்கிறது. ஈமான் கொண்டு நற்செயல் புரிந்து இறைவனை அதிகம் நினைவுகூர்வோருக்கு விலக்கும் அளிக்கிறது. நபிகள் நாயகம் (ஸல்) அவர்களின் அவையில் ஹஸ்ஸான் இப்னு ஸாபித் (ரலி) கவி பாடியதையும் நாம் அறிவோம். இந்த அளவுகோலைக் கையில் கொண்டே கவி கா.மு.ஷெரீப் அவர்களின் வாழ்வை நோக்குவோம்.

இன்றைய திருவாரூர் மாவட்டத்தின் அபிவிருத்தீஸ்வரத்தில் 1914 ஆகஸ்ட் 11 அன்று பிறந்தவர் அவர். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்து 1950இல் வெளிவந்த ‘மந்திரி குமாரி’க்கு மருதகாசியுடன் பாடல்கள் எழுதினார். ‘முதலாளி’ (1957) படத்தின் ஏரிக்கரைப் பாடல், கே.வி.மகாதேவன் இசையில் டி.எம்.சௌந்தரராஜன் குரலில் தமிழகமெங்கும் பரவியது. அது காதல் பாடல்தான். அதை மறைக்க வேண்டியதில்லை.

ஆயினும் அவருடைய எழுதுகோல் அங்கேயே நின்றுவிடவில்லை. ‘அன்னையின் ஆணை’ (1958) படத்தில் தாயின் பெருமையைப் பாடினார். ‘நான் பெற்ற செல்வம்’ (1956) படத்தில், உயர்ந்தாலும் வீழ்ந்தாலும் பழிக்கும் உலகின் இயல்பைச் சொன்னார். ‘பணம் பந்தியிலே’ (1961) படத்தில், குணத்தை மறந்து பணத்தைப் போற்றும் சமூகத்தைச் சாடினார். தாயின் காலடியில் சுவனம் என்று மதரஸாவில் நாம் கற்பிப்பதன் சாரத்தை, எல்லாச் சமயத்தாரும் பாடும் எளிய தமிழில் அவர் தந்தார். இராயப்பேட்டையின் தேநீர்க் கடை வானொலியில் அப்பாடல்களைக் கேட்டு நின்றோரில் எத்தனை பேர், இதை எழுதியவர் ஒரு முஸ்லிம் என்று அறிந்திருப்பர்?

ம.பொ.சிவஞானம் அவர்களின் தமிழரசுக் கழகத்தில் நின்று தமிழுக்காகவும் உழைத்தார். மகாபாரதத்தின் மச்சகந்தியைப் பற்றிக் காவியம் படைத்த அதே கவி, ஸபா நாட்டு அரசியைப் போற்றிப் ‘பல்கீஸ் நாச்சியார் காவியம்’ இயற்றினார். ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட விருத்தங்கள் கொண்ட உமறுப்புலவரின் சீறாப்புராணத்திற்கு உரையும் எழுதினார். நம் முன்னோர் இல்லந்தோறும் ஓதிய நூலின் பொருள், அருஞ்சொற்களுக்குள் அடைபட்டுப் போகாதிருக்க அவர் செய்த பணி இது. மார்க்கமும் தமிழும் அவரிடத்தில் ஒன்றோடொன்று மோதவில்லை.

1994 ஜூலை 7 அன்று அவர் இறையடி சேர்ந்தார். அவருடைய நூல்களைத் தமிழ்நாடு அரசு நாட்டுடைமையாக்கியுள்ளது. எனவே அவற்றைப் பதிப்பிக்கவும் பரப்பவும் தடையேதும் இல்லை. இருந்தும், நிலைத்திருப்பவை அவருடைய திரைப்பாடல்கள். நாம் மறந்திருப்பது அவருடைய சீறா உரை. உலகம் தனக்குப் பிடித்ததைக் காத்துக்கொண்டது. நமக்குரியதைக் காப்பது நம் பொறுப்பன்றோ?

வரும் ரபீவுல் அவ்வலில் நாளுக்கு ஒரு விருத்தமும் அதன் உரையும் என நம் இல்லங்களில் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டுவோம். அல்லாஹ் அன்னாரின் பிழைகளைப் பொறுத்து, நற்பணிகளை ஏற்றுக்கொள்வானாக. ஆமீன்.