மரியா மெனாடோ: பேயாக நடித்த பேரழகி

மலாய் சினிமாவில் நம்மாட்களின் பங்கு என்று பேச்சு வந்தால் இரண்டு பெயர்கள் உடனே வந்துவிடும். பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன், தமிழில் 'சாலிவாகனன்' (1945) இயக்கிவிட்டுச் சிங்கப்பூர் வந்த பி.என். ராவ். சரிதான். ஆனால் இருவரின் படங்களிலும் நடித்த ஒரு பெண்ணை நாம் சொல்வதே இல்லை. மரியா மெனாடோ.

1932இல் இந்தோனேசியாவின் மெனாடோ பக்கம் பிறந்தவர். 1951இல் கிருஷ்ணன் இயக்கிய 'பெங்ஹிடுப்பான்' படத்தில் அறிமுகமானார். கூட நடித்தவர் நம்ம பினாங்குக்காரர் பி. ரம்லி. 1957இல் கேத்தே-கெரிஸ் நிறுவனத்துக்காக ராவ் எடுத்த 'பொந்தியானாக்' அவரை உச்சத்துக்குக் கொண்டுபோனது.

அழகுக்குப் பேர்போன நடிகை அதில் கூன் விழுந்த, அவலட்சணமான பெண்ணாக வருகிறார். மந்திரத்தால் அழகியாகிறார். நிபந்தனை ஒன்றுதான்: ரத்தம் நாக்கில் படக்கூடாது. கணவனைப் பாம்பு கடிக்கிறது. விஷத்தை உறிஞ்சி எடுக்கிறார், பேயாகிவிடுகிறார். கணவனைக் காப்பாற்றியதற்குக் கிடைத்த தண்டனை அது!

பிறையில் என்னோடு வேலை செய்யும் மலாய் நண்பர்களுக்கு இன்றும் பொந்தியானாக் தெரியும். பிடரியில் ஆணி அடித்தால் அவள் அடக்கமான மனைவியாகிவிடுவாளாம். நம்மூரில் பேயைப் புளியமரத்தில் ஆணியடித்துக் கட்டுவார்களே, அந்த மாதிரி.

நடிகர்கள் ஸ்டூடியோவின் மாதச் சம்பளக்காரர்களாக இருந்த காலத்தில் மரியா சொந்தத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார். 1963இல் பகாங் சுல்தானை மணந்தார். நடிப்பு அதோடு முடிந்தது. வயது 31.

அதே காலத்தில் ஜப்பானில் செட்சுகோ ஹாராவும் திரையை விட்டு விலகினார். 2015இல் இறக்கும்வரை திரும்பவில்லை. ஆனால் ஓசுவின் 'டோக்கியோ ஸ்டோரி' (1953) இருக்கிறது. ஹாராவின் முகத்தை இன்றும் பார்க்கலாம், அவரைப் பற்றி விவாதிக்கலாம். மரியாவின் முதல் 'பொந்தியானாக்' படத்துக்குப் பிரதியே இல்லை. தயாரிப்பாளர் ஹோ ஆ லோக் படச்சுருளை ஈயக்குட்டையில் வீசிவிட்டார் என்கிறார்கள். மூன்றாம் பாகமான 'சும்பா பொந்தியானாக்' (1958) மட்டும் தப்பியது.

இயக்குநரின் பெயர் காகிதத்தில் எழுதிவைத்தாலும் நிற்கும். நடிகையின் வேலை படச்சுருளில் மட்டும்தான் இருக்கிறது. அது அழிந்தபின் அவரைப் பற்றி மிஞ்சுவது இரண்டு வரி: பேயாக நடித்தார், சுல்தானை மணந்தார். பன்னிரண்டு வருட உழைப்பு அதற்குள் அடங்காது. மலாய் சினிமாவில் நம் பங்கைப் பெருமையாகச் சொல்லும்போது, அந்தப் படங்களைத் தூக்கிச் சுமந்த இந்த முகத்தையும் சேர்த்தே சொல்வோம்.