சின்னஞ்சிறு காதும் சிறுதொந்தியும்

வேலை முடிந்து வீடு திரும்பிய மாலையில் அரை மணி நேரத்துக்குள் சமைத்துவிடக்கூடிய சாப்பாடுகளில், தென்கிழக்கு இத்தாலியின் பூல்யா மாநிலத்துப் பாஸ்தா ஒன்று உண்டு. அதன் பெயர் ‘ஒரெக்கியெத்தே கோன் சீமே டி ராப்பா’. அகலப் பாத்திரத்தில் உப்புத் தண்ணீர் கொதிக்கும்போது சற்றே கசக்கும் ஒரு கீரையைப் போடுவார்கள். அதே தண்ணீரில் பாஸ்தாவும் வேகும். பக்கத்து அடுப்பில் ஆலிவ் எண்ணெயில் பூண்டும் மிளகாயும் நெத்திலி வகை உப்புமீனும் கரையும். கடைசியில் எல்லாம் ஒரே வாணலியில் சேரும். கடலோர ஊர்களின் வழக்கம் இது. மீனுக்குப் பதிலாகப் பான்ச்செத்தா என்ற பதப்படுத்திய பன்றிக்கறியைச் சேர்க்கிறவர்களும் உண்டு. பான்ச்செத்தா கிடைக்காத நாடுகளின் சமையலறைகளில் அந்த இடத்துக்குப் பேக்கன் வந்துவிடுகிறது. கசப்புக் கீரைக்குப் பன்றிக் கொழுப்பு நன்றாகவே ஒத்துப்போகும்.

இந்த ஒரு தட்டில் இருக்கும் பெயர்களைப் பிரித்துப் பார்த்தால் ஓர் ஒழுங்கு தெரிகிறது. அரண்மனைச் சமையலின் பெயர்களில் பிரபுக்களும் போர்களும் ஊர்களும் வருவார்கள். இங்கே வருபவை காது, வயிறு, கொழுந்து. அவற்றின் வாலில் ‘எத்தா’, ‘எத்தே’, ‘சீனோ’ என்று, சிறியது என்ற பொருளும் செல்லமும் கலந்த விகுதிகள். இந்தப் பெயர்களைப் புத்தகம் எழுதியவர்கள் வைக்கவில்லை. மாவையும் கறியையும் கையால் தொட்டவர்கள் வைத்தார்கள். அதற்கான சான்று சொற்களுக்குள்ளேயே இருக்கிறது.

‘பாஸ்தா’வைச் சீக்கிரம் கடந்துவிடலாம். கிரேக்கத்தில் ‘தூவுதல்’ என்ற வினையிலிருந்து பிறந்து, வாற்கோதுமைக் கஞ்சி ஒன்றைக் குறித்த சொல் அது. பிற்கால லத்தீனில் பிசைந்த மாவு என்ற பொருளில் நிலைத்தது. பேஸ்ட்ரியும், காலையில் பல் துலக்க எடுக்கும் பேஸ்ட்டும் அதன் உறவினர்கள்தாம்.

‘ஒரெக்கியெத்தே’யில்தான் நின்று பார்க்க வேண்டும். கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிய, நடுவில் குழிந்த மாவு வில்லைகள். ‘சிறுகாதுகள்’ என்று மொழிபெயர்ப்பது வழக்கம். அது பாதி உண்மைதான். இலக்கிய லத்தீனில் காதுக்கு ‘அவ்ரிஸ்’ என்று பெயர். மக்கள் பேச்சில் அதற்கு ஒரு செல்ல வடிவம் இருந்தது: ‘அவ்ரிகுலா’, சிறுகாது. அது மேலும் தேய்ந்து ‘ஒரிக்லா’ ஆயிற்று. ‘அப்பெண்டிக்ஸ் ப்ரோபி’ என்று இன்று அறியப்படும் பழைய லத்தீன் பட்டியல் ஒன்று உண்டு. யாரோ ஓர் இலக்கண ஆசிரியர், இப்படிச் சொல், அப்படிச் சொல்லாதே என்று 227 பிழைகளைத் திருத்தி வைத்திருக்கிறார். அவர் கண்டித்த பிழைகளில் ‘ஒரிக்லா’வும் ஒன்று, அவ்ரிஸ் என்றே சொல்ல வேண்டும் என்பது அவர் கட்டளை.

யாரும் கேட்கவில்லை. பிரெஞ்சின் ‘ஒரேய்’, ஸ்பானியத்தின் ‘ஒரேஹா’, போர்ச்சுகீசியத்தின் ‘ஒரேல்யா’, இத்தாலியின் ‘ஒரெக்கியோ’ எல்லாமே அந்தத் தப்பான சொல்லின் பிள்ளைகள். அவ்ரிஸ் வழக்கொழிந்தது. இது காதுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. பிரெஞ்சில் சூரியனுக்கு ‘சொலேய்’ என்பார்களே, அதுவும் லத்தீன் ‘சோல்’ என்பதன் செல்ல வடிவிலிருந்து வந்ததுதான். இத்தாலியில் சகோதரனைக் குறிக்கும் ‘ஃப்ராத்தெல்லோ’வும் அப்படியே. வீட்டில் குழந்தைகளோடு பேசும் பேச்சு மெல்ல மெல்ல நாட்டின் மொழியாகிவிட்டது. அந்தப் பட்டியலைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மகிழ்ச்சியாக இருக்கிறது. ஆசிரியர் திருத்தியதால்தான் மக்கள் எப்படிப் பேசினார்கள் என்று இன்று நமக்குத் தெரிகிறது.

ஆகவே இத்தாலியச் சொல்லில் ஏற்கெனவே ஒரு ‘சிறு’ ஒளிந்திருக்கிறது. காலப்போக்கில் அது மறந்து, ஒரெக்கியோ என்றால் வெறும் காது என்றாயிற்று. பாஸ்தாவுக்குப் பெயர் வைத்தவர்கள் அதன்மேல் இன்னொரு ‘சிறு’வை ஏற்றினார்கள். தமிழில் ‘சின்னஞ்சிறு’ என்று இரண்டையும் சேர்த்துச் சொல்கிறோமே, அதுதான் சரியான பொருள். ஒரெக்கியெத்தே என்பது சின்னஞ்சிறு காதுகள்.

பாரி நகரத்தின் பழைய பகுதிக்குப் போனால் வேறொரு பெயர் காதில் விழும். அங்கே ஆர்கோ பாஸ்ஸோ தெருவில், வீட்டு வாசலில் பலகை போட்டுப் பெண்கள் இதைச் செய்கிறார்கள். கெட்டிக் கோதுமையின் ரவை மாவு, தண்ணீர், இவ்வளவுதான், முட்டை கிடையாது. மாவைக் கயிறாகத் திரித்து, சிறு துண்டாக நறுக்கி, முனை மழுங்கிய கத்தியால் பலகையில் அழுத்தித் தம் பக்கம் இழுப்பார்கள். துண்டு சுருளும். அதைக் கட்டைவிரல்மேல் கவிழ்த்து எடுத்தால் காது. இந்த இழுப்பை வைத்துப் பாரி வட்டாரப் பேச்சில் இதை ‘ஸ்த்ராஷெனாத்தே’ என்கிறார்கள்: இழுக்கப்பட்டவை. உண்பவர் கண்ணில் பட்டது காது. செய்பவர் கையில் இருந்தது இழுப்பு. எனக்குப் பாரிக்காரர்களின் பெயரே ஒரு படி மேலாகத் தெரிகிறது. பலகையில் இழுபட்டதால்தான் மேற்புறம் சொரசொரக்கிறது, விளிம்பு தடித்து நடு மெலிகிறது, அந்தக் குழியில் எண்ணெயும் கீரைத் துணுக்கும் தங்குகின்றன. இந்தப் பாஸ்தாவின் ருசிக்கான காரணம் அந்தப் பெயரில் இருக்கிறது.

அடுத்து ‘சீமே’. ஒருமையில் ‘சீமா’: உச்சி, நுனி, மலைமுகடு. லத்தீனில் ‘க்யூமா’ என்றால் முட்டைக்கோசுக் குடும்பச் செடியின் இளந்தளிர். அதற்கும் முன்னே கிரேக்கத்தில் ‘கூமா’ என்பது வீங்கி எழுவது என்ற பொருளில் கடலலைக்கும் பெயர், செடியின் தளிருக்கும் பெயர். கருவுற்றுப் பெருப்பதைக் குறிக்கும் வினை அதன் வேர். தமிழில் இதற்குக் ‘கொழுந்து’ என்ற சொல்லை எடுத்துக்கொள்கிறேன். கொழு என்ற வேரிலும் செழித்துப் பெருப்பது இருக்கிறது.

‘ராப்பா’ டர்னிப் கிழங்கு. பிராசிக்கா ராப்பா என்ற அறிவியல் பெயரிலும் அதுவே இடம்பெற்றிருக்கிறது. ஆனால் இந்தத் தட்டில் கிழங்கு கிடையாது. சீமே டி ராப்பாவாக வளர்க்கும் வகை, கிழங்கு திரளாமல் இலையும் மொட்டும் தண்டுமாகவே வளர்வது. சீனக் கோசும், வட இந்தியாவில் எண்ணெய்க்காக விதைக்கும் மஞ்சள் சர்சோனும் இதே இனத்தைச் சேர்ந்தவை. கீரையில் கடுகின் காரம் மூக்கில் ஏறுவது அதனால்தான்.

இந்தக் கீரை ஊருக்கு ஊர் பெயர் மாற்றிக்கொள்கிறது. நேப்பிள்ஸில் ‘ஃப்ரியாரியெல்லி’, வறுப்பதைக் குறிக்கும் உள்ளூர் வினையோடு அதைச் சேர்த்துச் சொல்கிறார்கள், ஏனென்றால் அங்கே அதை வாணலியில் வதக்கித்தான் உண்பார்கள். ரோமில் ‘ப்ரொக்கொலெத்தி’. ஸ்பெயினின் கலீசியாவில் ‘க்ரேலோஸ்’. அமெரிக்காவுக்குப் போனதும் ‘ப்ரோக்கோலி ராப்’ ஆகி, இது ப்ரோக்கோலியின் ஒரு வகை என்ற தவறான எண்ணத்தைப் பரப்பியது. ப்ரோக்கோலி வேறு இனம். ஆனால் ‘ப்ரொக்கோலோ’ என்ற சொல்லுக்கே ‘சிறுமுளை’ என்றுதான் பொருள். அந்த வகையில் பெயர் பொருந்தவே செய்கிறது.

இனி இறைச்சி. பான்ச்செத்தா என்பது பன்றியின் வயிற்றுப் பகுதியை உப்பும் மிளகும் ஏற்றிப் பல வாரங்கள் பதப்படுத்தியது. ‘பான்ச்சா’ என்றால் தொந்தி. ‘எத்தா’ சேர்ந்தால் சிறுதொந்தி. லத்தீன் ‘பாந்தெக்ஸ்’ அதன் மூதாதை. அதே குடும்பத்தில் பிறந்தவர்தான் செர்வாண்டிஸ் 1605இல் வெளியிட்ட ‘டான் கிஹோத்தே’யின் சாஞ்சோ பான்சா, ஸ்பானியத்தில் பான்சா என்றால் வயிறு. டாங்கியைக் குறிக்கும் ஜெர்மன் சொல் ‘பான்சர்’ கூட இந்த வீட்டுப் பிள்ளைதான். வயிற்றைக் காக்கும் கவசத்துக்குப் பழைய பிரெஞ்சில் இருந்த பெயர் ஜெர்மனுக்குப் போய், முதலில் உடற்கவசமாகி, இருபதாம் நூற்றாண்டில் இரும்பு வண்டியாகிவிட்டது.

வடக்கே பிறந்த ‘பேக்கன்’ இதற்கு நேரெதிர் திசையிலிருந்து வருகிறது. பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்த ஜெர்மானியச் சொல் அது, வேர், முதுகு. ஆங்கிலத்தில் முதுகுக்கு வழங்கும் ‘பேக்’ அதன் உடன்பிறப்பு. பிரிட்டனில் இன்றும் பேக்கன் என்றால் பெரும்பாலும் முதுகுக் கறிதான். அமெரிக்காவில் பேக்கன் என்று விற்பதோ வயிற்றுப் பகுதி. ஆகவே, இந்தப் பாஸ்தாவில் பான்ச்செத்தாவுக்குப் பதிலாக அமெரிக்க பேக்கனைப் போடுகிறவர், பெயரில் முதுகையும் வாணலியில் வயிற்றையும் வைத்திருக்கிறார். ருசியில் வேறுபாடு புகையால் வருவது. பெரும்பாலான பான்ச்செத்தாவில் உப்புதான் முன்னே நிற்கும், பேக்கனில் புகை. கீரையின் கசப்பைப் புகை மூடிவிடும் என்பதால் பேக்கனைக் குறைவாகப் போடுவது நல்லது. எதுவானாலும் சூடேறாத வாணலியில் இட்டு, சிறு தீயில் கொழுப்பு உருக விட வேண்டும்.

மிளகாய்க்கு வருவோம். இத்தாலியில் அது ‘பெப்பெரொன்ச்சீனோ’. ‘பெப்பே’ என்றால் மிளகு. கொலம்பஸின் 1492ஆம் ஆண்டுப் பயணத்துக்குப் பின் அமெரிக்காவிலிருந்து வந்த காய்க்கு, மிளகோடு பெரிது என்ற விகுதியைச் சேர்த்து ‘பெப்பெரோனே’ என்றார்கள், பெருமிளகு. அந்தக் காயிலேயே சிறிய, காரமான வகைக்கு இன்னொரு விகுதி: பெருமிளகில் சிறியது. பெரிதாக்கிய சொல்லையே பிறகு சிறிதாக்கியிருக்கிறார்கள். தமிழர்கள் அதே காயைக் கண்டபோது மிளகோடு காயைச் சேர்த்து மிளகாய் என்றார்கள். ஒருவரையொருவர் கேட்காமலே இரு மொழிகளும் ஒரே வழியில் போயின. இதில் இன்னும் ஒரு சுற்று உண்டு. பெப்பே லத்தீன் ‘பிப்பெர்’, கிரேக்க ‘பெப்பெரி’ வழியாக இந்தியாவின் ‘பிப்பலி’க்குப் போய்ச் சேர்கிறது. நம் திப்பிலியும் அந்தச் சொல்லின் உறவே. திப்பிலிக்குரிய பெயர் மத்தியதரைக் கடலுக்குப் போய் மிளகுக்கு ஆகி, பிறகு அமெரிக்கக் காய்க்கும் ஆகிவிட்டது. செடி மூன்று, பெயர் ஒன்று.

கடைசியாகச் சீஸ். மீன் சேர்த்தால் பூல்யாவில் சீஸ் போட மாட்டார்கள். எண்ணெயில் வறுத்த ரொட்டித் தூளைத் தூவுவார்கள். பான்ச்செத்தா சேர்த்தால் பெக்கொரீனோ துருவலாம். இங்கே ஓர் எச்சரிக்கை: ‘ஈனோ’ என்று முடிவதால் இதைச் சிறு ஆடு என்று கொள்ளக்கூடாது. ஈனோ இங்கே ‘உரிய’ என்ற பொருளில் வருகிறது; ‘பெக்கொரா’ செம்மறி ஆடு, பெக்கொரீனோ செம்மறிப் பாலில் ஆனது. பெக்கொராவின் மூலமான லத்தீன் ‘பெக்குஸ்’ கால்நடையைக் குறித்தது. பணத்துக்கான ‘பெக்குனியா’ அதன் உறவுச் சொல். தமிழில் மாடு என்ற சொல் செல்வத்தையும் குறித்ததை நினைத்துக்கொள்ளலாம். இந்தச் சீஸிலும் பான்ச்செத்தாவிலும் உப்பு கூடுதல் என்பதால், இரண்டையும் சேர்க்கும் நாளில் பாஸ்தா வேகும் தண்ணீரில் உப்பைக் குறைத்துப் போட வேண்டும். அந்தத் தண்ணீரில் ஒரு கரண்டியை எடுத்து வைத்திருந்து வாணலியில் ஊற்றினால், மாவுச்சத்தும் கொழுப்பும் கலந்து காதுகளின் குழிக்குள் இறங்கும்.