வின்ஸ் லொம்பார்டி: பள்ளி ஆசிரியர் பயிற்றுநரான வரலாறு

வின்சென்ட் தாமஸ் லொம்பார்டி (ஜூன் 11, 1913 – செப்டம்பர் 3, 1970) அமெரிக்கக் கால்பந்து விளையாட்டின் புகழ்பெற்ற தலைமைப் பயிற்றுநர் ஆவார். விஸ்கான்சின் மாநிலத்தின் கிரீன் பே பேக்கர்ஸ் அணி இவரது பொறுப்பில் ஏழு ஆண்டுகளில் ஐந்து முறை தேசியக் கால்பந்து லீக் பட்டத்தையும், முதல் இரண்டு சூப்பர் பௌல் போட்டிகளையும் வென்றது. சூப்பர் பௌலில் வெல்லும் அணிக்கு ஆண்டுதோறும் வழங்கப்படும் வெள்ளிக் கோப்பை இவரது பெயரையே தாங்கியுள்ளது. ஆனால், தொழில்முறை அணி ஒன்றின் தலைமைப் பொறுப்பு இவருக்கு 45ஆம் வயதில்தான் கிடைத்தது. அதற்கு முந்தைய இருபது ஆண்டுகளில் எட்டு ஆண்டுகளை இவர் ஓர் உயர்நிலைப் பள்ளியில் கழித்தார்.

விளையாட்டில் பயிற்றுநரின் இடம்

அமெரிக்கக் கால்பந்து நாம் அறிந்த கால்பந்திலிருந்து வேறுபட்டது. நீள்கோள வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடியும் எறிந்தும் ஆடுவர். ஓர் அணிக்குக் களத்தில் பதினொருவர். பந்தை வைத்திருக்கும் அணி நான்கு முயற்சிகளுக்குள் 10 கெஜ தூரம் முன்னேற வேண்டும். இல்லையேல் பந்து எதிரணிக்குப் போய்விடும். ஒவ்வொரு முயற்சிக்குப் பின்னும் ஆட்டம் நின்று மீண்டும் தொடங்குகிறது. அடுத்த முயற்சியில் யார் எங்கே ஓட வேண்டும், யார் யாரைத் தடுக்க வேண்டும் என்பதெல்லாம் முன்கூட்டியே திட்டமிடப்பட்டவை. எனவே, இவ்விளையாட்டில் பயிற்றுநரின் பங்கு மிகப் பெரியது. பதினொருவருக்கும் பாடத்தைப் புரிய வைத்து, மனத்தில் பதிய வைத்து, நெருக்கடியிலும் மறவாமல் செய்ய வைப்பதே அவரது வேலை.

அமெரிக்காவில் இவ்வேலைக்கு வருபவர்கள் பெரும்பாலும் ஏணிப்படி போன்ற ஒரு வழியில் ஏறுகிறார்கள். பள்ளி அணி, கல்லூரி அணியில் உதவிப் பயிற்றுநர், தொழில்முறை அணியில் ஒரு பிரிவின் பொறுப்பு, இறுதியில் தலைமைப் பயிற்றுநர் என்பது அவ்வரிசை. லொம்பார்டி இப்படிகளில் எதையும் தாண்டிக் குதிக்கவில்லை.

இளமையும் கல்வியும்

லொம்பார்டி நியூயார்க் நகரின் புரூக்ளின் பகுதியில், தென் இத்தாலியிலிருந்து குடியேறியவர்களின் குடும்பத்தில் பிறந்தார். தந்தை இறைச்சி வணிகர். ஐந்து பிள்ளைகளில் இவரே மூத்தவர். பதினைந்தாம் வயதில் கத்தோலிக்கக் குருவாகும் எண்ணத்துடன் அதற்கான பள்ளியில் சேர்ந்து, பின்னர் அம்முடிவைக் கைவிட்டார். ஆயினும் இறைப்பற்றும் நாள்தோறும் திருப்பலிக்குச் செல்லும் வழக்கமும் வாழ்நாள் முழுதும் நீடித்தன.

1933இல் ஃபோர்டாம் பல்கலைக்கழகத்தில் சேர்ந்தார். அணியின் முன்வரிசைத் தடுப்பு வீரராக ஆடியபோது இவர் உயரத்திலும் எடையிலும் மற்றவர்களைவிடக் குறைந்தவர். எனினும் 1936இல் ‘ஏழு கருங்கற்கள்’ என்று பத்திரிகைகள் புகழ்ந்த முன்வரிசையில் ஒருவராக இருந்தார். அப்போது அங்கே தலைமைப் பயிற்றுநராக இருந்த ஜிம் குரோலி, கிரீன் பே நகரின் பள்ளியில் படித்து ஆடியவர் என்பது பின்னோக்கிப் பார்க்கையில் வியப்பளிக்கும் பொருத்தமாகும். 1937இல் பட்டம் பெற்றபோது நாடு பொருளாதாரப் பெருமந்தத்திலிருந்து இன்னும் முழுமையாக மீளவில்லை. லொம்பார்டி கடன் நிறுவனம் ஒன்றில் வேலை பார்த்தார். சட்டக் கல்லூரியில் சேர்ந்து, ஒரு பருவத்துடன் நிறுத்திக்கொண்டார்.

பள்ளி ஆசிரியர் (1939–1946)

1939இல் நியூ ஜெர்சி மாநிலத்தின் எங்கில்வுட் நகரில் உள்ள செயின்ட் சிசிலியா உயர்நிலைப் பள்ளியில் வேலை கிடைத்தது. ஃபோர்டாமில் உடன் ஆடிய ஆண்டி பலாவ் அங்கே தலைமைப் பயிற்றுநர்; லொம்பார்டி அவருக்கு உதவியாளர். ஆனால் சிறிய பள்ளியில் பயிற்றுநர் வேலை மட்டும் பார்க்க முடியாது. இலத்தீன், வேதியியல், இயற்பியல் ஆகிய மூன்று பாடங்களையும் இவர் கற்பித்தார். கூடைப்பந்து அணியையும் பார்த்துக்கொண்டார்.

1942இல் பலாவ் விலகிச் செல்லவே, லொம்பார்டி கால்பந்து அணியின் தலைமைப் பயிற்றுநரானார். அடுத்த ஆண்டே அணி தோல்வியே காணாமல் பருவத்தை முடித்தது.

இவ்வெட்டு ஆண்டுகளும் இவரது பிற்கால முறைக்கு அடித்தளமாயின. வகுப்பில் மெதுவாகக் கற்கும் மாணவருக்கும் புரியும்வரை அடுத்த பாடத்துக்குச் செல்லாத வழக்கத்தை இவர் பின்னர் கால்பந்திலும் கடைப்பிடித்தார். பதினொருவரில் ஒருவருக்குப் புரியாவிட்டாலும் ஆட்டத் திட்டம் சிதைந்துவிடும் என்பதால், அது அவ்விளையாட்டுக்கு மிகவும் பொருந்தியது.

கல்லூரி அணிகளில் (1947–1953)

1947இல் லொம்பார்டி தாம் படித்த ஃபோர்டாமுக்கே உதவிப் பயிற்றுநராகத் திரும்பினார். 1949இல் வெஸ்ட் பாயின்ட் இராணுவக் கல்லூரியில் புகழ்பெற்ற பயிற்றுநர் ரெட் பிளெய்க்கிடம் சேர்ந்தார். ஆட்டங்களின் படச்சுருளைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்து எதிரணியின் பழக்கங்களைக் கண்டறிவது, தேவையற்றவற்றை நீக்கித் திட்டத்தை எளிமையாக்குவது, நேரத்தைக் கணக்கிட்டுப் பயன்படுத்துவது ஆகியவற்றை லொம்பார்டி அவரிடமே கற்றார். பிற்காலத்தில் தம் குருவாக அவரையே போற்றினார்.

1951இல் அக்கல்லூரியைத் தேர்வு முறைகேடு உலுக்கியது. சுமார் 90 மாணவர்கள் வெளியேற்றப்பட்டனர். கால்பந்து அணியின் பெரும்பகுதியும், பிளெய்க்கின் சொந்த மகனும் அதில் அடக்கம். அவ்வாண்டு அணி இரண்டு ஆட்டங்களில் மட்டுமே வென்றது. ஆயினும் பிளெய்க் பதவி விலகாமல், எஞ்சிய அனுபவமற்ற இளைஞர்களைக் கொண்டே அணியை மீண்டும் எழுப்பினார். 1953இல் அணி ஒரே ஒரு தோல்வியுடன் பருவத்தை முடித்தது. சிதைந்த அணியைச் சீர்ப்படுத்துவது எப்படி என்பதை லொம்பார்டி உடனிருந்து பார்த்தார்.

நியூயார்க் ஜயன்ட்ஸ் (1954–1958)

1954இல் தொழில்முறை அணியான நியூயார்க் ஜயன்ட்ஸில் தாக்குதல் பிரிவின் பொறுப்பு கிடைத்தது. முந்தைய ஆண்டு 3 வெற்றிகளும் 9 தோல்விகளும் கண்டிருந்த அணி அது. தடுப்புப் பிரிவுக்கு டாம் லாண்ட்ரி பொறுப்பேற்றார். இருவரும் சேர்ந்து அணியை மாற்றினர். 1956 இறுதிப் போட்டியில் ஜயன்ட்ஸ் அணி சிகாகோ பேர்ஸை 47–7 என வென்றது. 1958 இறுதிப் போட்டியில் பால்ட்டிமோர் கோல்ட்ஸிடம் கூடுதல் நேரத்தில் 23–17 எனத் தோற்றது.

இதற்கிடையில் லொம்பார்டி நாற்பது வயதைக் கடந்திருந்தார். கல்லூரிகளின் தலைமைப் பதவிகளுக்கு முயன்றும் கிடைக்கவில்லை. தம் இத்தாலியக் குடும்பப் பெயரும் அதற்கு ஒரு காரணம் என்று அவர் நம்பினார்.

கிரீன் பே (1959–1967)

கிரீன் பே அப்போது சுமார் 60,000 மக்கள் வாழ்ந்த சிறு நகரம். பேக்கர்ஸ் அணிக்குத் தனி முதலாளி கிடையாது. பங்குகளை வாங்கிய பொதுமக்களே உரிமையாளர்கள். 1958 பருவத்தில் அணி 1 வெற்றி, 10 தோல்வி, 1 சமநிலை என அதன் வரலாற்றிலேயே மிகவும் தாழ்ந்திருந்தது. அணியின் குழு உறுப்பினர்கள் பயிற்றுநரின் வேலையில் தலையிடுவதும் வழக்கமாக இருந்தது. 1959 பிப்ரவரியில் பொறுப்பேற்ற லொம்பார்டி, பயிற்றுநர் பதவியுடன் பொது மேலாளர் பதவியையும் கேட்டுப் பெற்றார். முடிவுகள் அனைத்தும் தம்மிடமே இருக்க வேண்டும் என்பதில் உறுதியாக இருந்தார்.

தோற்றுக்கொண்டிருந்த அந்த அணியில் திறமை இல்லாமல் இல்லை. பார்ட் ஸ்டார், பால் ஹார்னங், ஜிம் டெய்லர், ஃபாரஸ்ட் கிரெக், ரே நிட்ச்கே, ஜெர்ரி கிரேமர் ஆகியோர் 1958இலேயே அணியில் இருந்தவர்கள். வீரர்களைத் தேடிக் கண்டறியும் பொறுப்பில் இருந்த ஜாக் வைனிசியின் உழைப்பு அதற்குக் காரணம். குவாட்டர்பேக் எனப்படும் ஆட்டத்தை நடத்தும் வீரரான ஸ்டார், 1956 ஆண்டுத் தேர்வில் 200ஆவது இடத்தில் எடுக்கப்பட்டவர். லொம்பார்டியின் முதல் வகுப்பைக் கேட்ட ஸ்டார், இனி நாம் வெல்லத் தொடங்குவோம் என்று மனைவியிடம் தொலைபேசியில் கூறியதாகப் பின்னர் நினைவுகூர்ந்தார்.

1959இல் அணி 7 வெற்றிகளும் 5 தோல்விகளும் பெற்றது. 1947க்குப் பின் தோல்விகளைவிட வெற்றிகள் மிகுந்த முதல் பருவம் அது. 1960 இறுதிப் போட்டியில் பிலடெல்பியா ஈகிள்ஸிடம் 17–13 எனத் தோற்றது. அதன்பின் லொம்பார்டியின் பேக்கர்ஸ் எந்தப் பட்டப் போட்டியிலும் தோற்கவில்லை. 1961, 1962, 1965, 1966, 1967 ஆகிய ஆண்டுகளில் லீக் பட்டம் வென்றது. இறுதிப் போட்டி முறை 1933இல் தொடங்கிய பின்னர், தொடர்ந்து மூன்று ஆண்டுகள் பட்டம் வென்ற ஒரே அணி இதுவே. முதல் சூப்பர் பௌலில் (ஜனவரி 15, 1967) கான்சாஸ் சிட்டி சீஃப்ஸை 35–10 எனவும், இரண்டாவதில் (ஜனவரி 14, 1968) ஓக்லாண்ட் ரெய்டர்ஸை 33–14 எனவும் வென்றது.

1967 டிசம்பர் 31 அன்று டாலஸ் கவ்பாய்ஸுடன் நடந்த லீக் இறுதிப் போட்டி ‘பனிக்கட்டி ஆட்டம்’ என்று அழைக்கப்படுகிறது. வெப்பநிலை பூஜ்ஜியத்துக்குக் கீழே 25 பாகை செல்சியஸ். எதிரணியின் பயிற்றுநர், முன்னர் ஜயன்ட்ஸில் உடன் பணியாற்றிய லாண்ட்ரி. பதினாறு விநாடிகளே எஞ்சியிருந்தபோது, கிரேமர் உள்ளிட்டோர் முன்வரிசையில் வழி ஏற்படுத்த, ஸ்டார் தாமே பந்துடன் எல்லைக்கோட்டைக் கடந்தார். பேக்கர்ஸ் 21–17 என வென்றது.

கற்பித்த முறை

லொம்பார்டியின் திட்ட ஏட்டில் ஆட்ட வகைகள் குறைவு. இருக்கும் சிலவற்றையே பிழையின்றிச் செய்யப் பழக்கினார். அவற்றுள் புகழ்பெற்றது ‘ஸ்வீப்’ எனப்படும் பக்கவாட்டு ஓட்டம். அது வருகிறது என்று எதிரணியினர் அறிந்திருந்தும் தடுக்க இயலாமல் திணறினர். இந்த ஓர் ஆட்ட வகையை மட்டும் லொம்பார்டி எட்டு மணி நேரம் விளக்கியதைக் கேட்டதாக, பின்னாளில் பெரும் பயிற்றுநராக விளங்கிய ஜான் மேடன் கூறியுள்ளார்.

வெற்றி மட்டுமே எல்லாம் என்ற பொருள்படும் வாசகம் இவர் பெயரில் பரவலாக வழங்குகிறது. ஆனால் அதை முன்பே கூறியவர் கலிபோர்னியப் பல்கலைக்கழகப் பயிற்றுநர் ரெட் சாண்டர்ஸ் ஆவார். லொம்பார்டி வலியுறுத்தியது வெற்றிக்கான முழு முயற்சியை என்பதே அவரை அறிந்தவர்களின் கருத்து.

அவரது முறைக்கு மறுபக்கமும் உண்டு. கடுஞ்சினமும் உரத்த குரலும் வீரர்களை அஞ்ச வைத்தன. நாளின் பெரும்பகுதியைப் பணியே எடுத்துக்கொண்டதால், மனைவிக்கும் மகன், மகள் ஆகிய பிள்ளைகளுக்கும் கிடைத்த நேரம் மிகக் குறைவு.

நிறவேற்றுமைக்கு எதிராக

அக்காலத்தில் கறுப்பின வீரர்களுக்கு வீடும் உணவு விடுதியும் மறுக்கப்படுவது வழக்கம். தம் வீரர் எவரையும் ஏற்காத கடைக்கு அணியினர் ஒருவரும் போகக் கூடாது என்று லொம்பார்டி கிரீன் பே வணிகர்களுக்குத் தெரியப்படுத்தினார். தெற்கே ஜார்ஜியாவில் ஓர் ஆட்டத்துக்குச் சென்றபோது, வீரர்களைப் பிரித்துத் தங்க வைக்க மறுத்து, அனைவரையும் இராணுவ முகாமில் தங்க வைத்தார். கறுப்பினத்தவரான வில்லி டேவிஸ் தடுப்புப் பிரிவின் தலைவராக விளங்கினார்.

எந்த அணியும் தேர்ந்தெடுக்காத நிலையில், தாமே கடிதம் எழுதி வாய்ப்புக் கேட்டு வந்தவர் கறுப்பின வீரர் வில்லி வுட். அவர் 1975இல் வேறொரு லீக்கைச் சேர்ந்த பிலடெல்பியா பெல் அணியின் தலைமைப் பயிற்றுநரானார். நவீன காலத் தொழில்முறைக் கால்பந்தில் அப்பதவியை அடைந்த முதல் கறுப்பினத்தவர் அவரே. தேசியக் கால்பந்து லீக்கிலோ, 1989இல் ஆர்ட் ஷெல் நியமிக்கப்படும்வரை அக்கதவு மூடியே இருந்தது. லொம்பார்டி இருபது ஆண்டுகள் ஏறிய அதே ஏணியில் பலருக்குக் கால் வைக்கவே இடம் கிடைக்கவில்லை.

இறுதி ஆண்டுகள்

1968 பிப்ரவரியில் லொம்பார்டி பயிற்றுநர் பதவியிலிருந்து விலகிப் பொது மேலாளராக மட்டும் இருந்தார். களத்தை விட்டு விலகியிருக்க அவரால் இயலவில்லை. 1969இல் வாஷிங்டன் ரெட்ஸ்கின்ஸ் அணியின் தலைமைப் பயிற்றுநரானார். அவ்வணி 7 வெற்றி, 5 தோல்வி, 2 சமநிலை பெற்று, 1955க்குப் பின் முதன்முறையாகத் தோல்விகளைவிட அதிக வெற்றிகளுடன் பருவத்தை முடித்தது. அடுத்த பருவம் தொடங்குமுன், 1970 செப்டம்பர் 3 அன்று பெருங்குடல் புற்றுநோயால் 57ஆம் வயதில் காலமானார். அவ்வாண்டே சூப்பர் பௌல் கோப்பைக்கு அவர் பெயர் சூட்டப்பட்டது. 1971இல் தொழில்முறைக் கால்பந்துப் புகழ் மண்டபத்தில் இடம்பெற்றார்.

லொம்பார்டிக்குப் பின் அவரது உதவியாளர் ஃபில் பெங்ட்சனும், பின்னர் அவரிடம் ஆடிய ஸ்டாரும் கிரெக்கும் பேக்கர்ஸ் அணிக்குப் பயிற்றுநர்களாயினர். எவராலும் பட்டம் வெல்ல முடியவில்லை. அவ்வணி அடுத்த சூப்பர் பௌலை 1997 ஜனவரியில்தான் வென்றது. சிறந்த வீரராக இருப்பதும், சிறந்த ஆசிரியரிடம் கற்பதும் ஒருவரைச் சிறந்த பயிற்றுநராக்கப் போதுமானவை அல்ல என்பதை இது காட்டுகிறது. லொம்பார்டி தலைமைப் பொறுப்புக்கு வந்தபோது, எட்டு ஆண்டுகள் பள்ளியிலும் பன்னிரண்டு ஆண்டுகள் பிறருக்கு உதவியாளராகவும் கற்பித்துப் பழகியிருந்தார்.