கார்னோ இயந்திரத்தின் வரலாறு

கார்னோ இயந்திரம் என்பது, வெப்பத்தை வேலையாக மாற்றும் இயந்திரங்கள் எட்டக்கூடிய உச்ச அளவைக் காட்டும் ஒரு கருத்தியல் இயந்திரம் ஆகும். பிரெஞ்சுப் பொறியாளர் சாடி கார்னோ (1796–1832) இதனை 1824இல் முன்வைத்தார்.

பின்னணி

தாமஸ் நியூகோமன் 1712இல் அமைத்த நீராவி இயந்திரம், சுரங்கங்களில் தேங்கிய நீரை இறைக்கப் பயன்பட்டது. எரித்த நிலக்கரியின் வெப்பத்தில் நூற்றில் ஒரு பங்குகூட அதில் வேலையாக மாறவில்லை. ஒவ்வொரு சுற்றிலும் உருளையைக் குளிர்வித்து மீண்டும் சூடாக்க வேண்டியிருந்ததே முக்கியக் காரணம். நீராவியைத் தனிக்கலத்தில் குளிர்விக்கும் முறைக்கு ஜேம்ஸ் வாட் 1769இல் காப்புரிமை பெற்றார். நிலக்கரிச் செலவு பெரிதும் குறைந்தது. ஆனால் இம்முன்னேற்றத்துக்கு எல்லை உண்டா, நீராவிக்குப் பதிலாக வேறு வாயுவைப் பயன்படுத்தினால் கூடுதல் வேலை கிடைக்குமா என்ற கேள்விகள் எஞ்சின.

கார்னோவின் விடை

அருவி நீர் உயரத்திலிருந்து விழும்போது சக்கரத்தைச் சுழற்றுகிறது. அதுபோல, வெப்பம் சூடான பொருளிலிருந்து குளிர்ந்த பொருளுக்குச் செல்லும்போதே வேலை கிடைக்கிறது என்றார் கார்னோ. பின்னோக்கியும் இயங்கவல்ல ஓர் இயந்திரத்தை அவர் கற்பனை செய்தார். அதைவிடச் சிறந்த இயந்திரம் இருந்தால், இரண்டையும் இணைத்து எரிபொருளே இல்லாமல் வேலை பெற்றுவிடலாம். அது இயலாது. ஆகவே உச்ச அளவை முடிவு செய்பவை இரு வெப்பநிலைகளே. உள்ளே இருக்கும் பொருள் அன்று.

பிழையும் திருத்தமும்

வெப்பம் 'கலோரிக்' என்னும் அழியாத பாய்மம் என்று அன்று கருதப்பட்டது. கார்னோவின் நூலும் அதையே அடிப்படையாகக் கொண்டது. உண்மையில் வெப்பத்தின் ஒரு பகுதி வேலையாக மாறிவிடுகிறது. நூல் பெரிதும் கவனிக்கப்படாத நிலையில், கார்னோ தமது 36ஆம் வயதில் காலராவால் இறந்தார். கிளாப்பிரான் 1834இல் அவரது கருத்தைக் கணித வடிவில் விளக்கினார். அதன் துணையால் வில்லியம் தாம்சன் (பின்னாளில் கெல்வின்) 1848இல் தனிவெப்பநிலை அளவீட்டை முன்மொழிந்தார். கிளாசியஸ் 1850இல் கலோரிக் கருத்தை நீக்கி, கார்னோவின் முடிவை நிலைநிறுத்தினார். கார்னோவின் குறிப்புகள் 1878இல் வெளியானபோது, அவரே பிற்காலத்தில் கலோரிக் கருத்தைக் கைவிட்டிருந்தது தெரியவந்தது.

பயனுறுதிறன்

இன்று பாடநூல்களில் உள்ள சூத்திரம் கார்னோவின் நூலில் இல்லை. தனிவெப்பநிலை அளவீட்டுக்குப் பின்னரே அது உருவானது. குளிர்ந்த பொருளின் வெப்பநிலையைச் சூடான பொருளின் வெப்பநிலையால் வகுத்து, ஈவை 1இலிருந்து கழித்தால் பயனுறுதிறன் கிடைக்கும். வெப்பநிலைகளைக் கெல்வினில் எடுக்க வேண்டும். எடுத்துக்காட்டாக, 100 டிகிரி, 30 டிகிரி செல்சியசுக்கு இடையே இயங்கும் இயந்திரத்தில் 303ஐ 373ஆல் வகுக்க வேண்டும். பயனுறுதிறன் சுமார் 19 சதவீதம். செல்சியஸ் எண்களையே வகுத்தால் 70 சதவீதம் என்ற தவறான விடை வரும். எஞ்சிய 81 சதவீத வெப்பம், உராய்வே இல்லாவிட்டாலும், குளிர்ந்த பொருளுக்குச் சென்றே தீரும்.

அனல்மின் நிலையங்களில் நீராவியை 500 டிகிரி செல்சியசுக்கு மேல் சூடாக்குவதும், குளிர்விக்க ஏராளமான நீரைச் செலவிடுவதும் இக்காரணத்தாலேயே ஆகும்.