மலாக்காத் தோட்டங்களில் கங்காணியின் ஏற்றமும் ஒதுக்கமும்

கண்காணி என்னும் சொல் பேச்சில் திரிந்து கங்காணி ஆயிற்று. மலாயாவில் அது, சொந்த ஊருக்குத் திரும்பிச் சென்று உறவினரையும் ஊராரையும் வேலைக்கு அழைத்து வந்து, பின்னர் அவர்களையே மேற்பார்த்த மூத்த தொழிலாளியைக் குறித்தது. சீனத் தோட்ட உரிமையாளர் டான் சாய் யான் 1896-இல் மலாக்காவின் புக்கிட் லிந்தாங்கில் சுமார் 40 ஏக்கரில் ரப்பர் நட்டு, அடுத்து புக்கிட் அசகானில் பெரும் பரப்பில் விரிவாக்கியபோது தொடங்கிய ரப்பர்ப் பயிர், அடுத்த இருபதாண்டுகளில் ஆள்பலம் இல்லாமல் நகர முடியாத தொழிலாக வளர்ந்தது. ஒப்பந்தக் கூலிமுறை 1910-இல் நிறுத்தப்பட்டபின் அந்த ஆள்பலத்தைத் திரட்டித் தரும் பொறுப்பு பெரிதும் கங்காணியைச் சேர்ந்தது.

துரை எனப்பட்ட ஐரோப்பிய நிர்வாகிக்கும் லயத்துக்கும், அதாவது தொழிலாளர் குடியிருப்பு வரிசைக்கும், இடையில் நின்றவர் கங்காணி. பெரட்டு எனப்பட்ட விடியற்காலை ஆள்கணக்கெடுப்பில் ஆள் எண்ணுவதும், வேலைக்கு வந்தவர் தலைக்கு இத்தனை காசு என்று கூடுதல் ஊதியம் பெறுவதும், கடன் கொடுப்பதும், சண்டை தீர்ப்பதும் அவர் வேலை. அவர் விலகினால் அவருடைய ஆட்களும் உடன் செல்லக்கூடும் என்பதால், அவருடைய விசுவாசத்தை நிர்வாகம் செல்வமாகவே மதித்தது. அந்த அதிகாரத்தின் சுமை கடனாகவும் அச்சமாகவும் தொழிலாளர் மீது விழுந்ததையும் மறைக்கலாகாது.

1930-களின் தொடக்கத்தில் ரப்பர் விலை சரிந்து லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர் தாயகம் அனுப்பப்பட்டபோதே, ஆள் சேர்ப்பவரின் தேவை தேயத் தொடங்கிவிட்டது. 1936-இன் இறுதியில் மலாயா வந்து தொழிலாளர் நிலையை ஆராய்ந்த இந்திய அரசின் பிரதிநிதி சீனிவாச சாஸ்திரி கங்காணி வழி ஆள்சேர்ப்பை நிறுத்தப் பரிந்துரைத்தார். 1938 ஜூனில் இந்திய அரசு உதவிபெற்ற குடிபெயர்வையே தடைசெய்தது. கங்காணியைத் தலைவராக்கிய திறமை, ஊரிலிருந்து ஆள் கொண்டுவரும் திறமை, ஒரே ஆணையில் பயனற்றுப்போனது. ஆயினும் மேற்பார்வையாளர் என்ற பெயரில் அவர் பெரட்டுக் களத்தில் தொடர்ந்து நின்றார். இது பழைய விசுவாசத்துக்கு அளித்த மரியாதைதான் என்றாலும், மாறிய சூழலில் அவர் ஆற்ற வேண்டிய பணி எது என்பதைத் தெளிவாக வகுத்துத் தராத மரியாதை அரைகுறையானதே. ஆள் பழக்கம், மரம் பற்றிய அறிவு, மழைநாள் வேலைப் பங்கீடு ஆகியவற்றில் அவருக்கிருந்த தேர்ச்சி, அதிகாரத்திலிருந்து பிரித்து எடுக்கப்பட்டுப் புதிய பொறுப்பாக அமைந்திருக்கக்கூடும்.

ஜப்பானியர் காலத்தில் சயாம்-பர்மா ரயில்பாதை வேலைக்குத் தோட்டத் தொழிலாளர்கள் கொண்டுபோகப்பட்டதில் கங்காணிகளின் பழைய ஆள்கூட்டங்கள் சிதறின. போருக்குப்பின் தொழிற்சங்கங்கள் எழுந்து, 1954-இல் பி. பி. நாராயணன் தலைமைப் பொறுப்பேற்ற தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவானதும், குறைகளை நிர்வாகியிடம் எடுத்துச் செல்பவர் கங்காணியல்லாமல் சங்கக் கிளைச் செயலாளரானார். கங்காணிக்குத் தோட்டத்து மாரியம்மன் கோயில் திருவிழாவில் கிடைத்த முதல் மரியாதை மட்டும், பெரட்டில் அவர் குரல் தேய்ந்த பின்னும், நெடுநாள் நீடித்தது.